கே. சுப்ரமணியத்துக்கு ஒரு வரிதானா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். உங்கள் ஞாயிறு இணைப்பில் ஆரம்பகாலத் தமிழ் சினிமா பற்றி ஒரு முழுப்பக்கக் கட்டுரை வந்திருந்தது. நன்றாகத்தான் இருந்தது, படங்களும் அழகு. ஆனால் டைரக்டர் கே. சுப்ரமணியத்துக்கு அதில் கிடைத்தது ஒரே ஒரு வரி. எம்.கே. தியாகராஜ பாகவதரையும் எம்.எஸ். சுப்புலட்சுமியையும் திரைக்குக் கொண்டுவந்தவர், அவ்வளவுதான். உங்கள் கட்டுரையாளரை மட்டும் சொல்லிப் பிரயோஜனம் இல்லை. ஏப்ரல் மாதம் வந்தால் (அவர் பிறந்ததும் ஏப்ரல், காலமானதும் ஏப்ரல்) எங்காவது ஒரு மூலையில் நாலு வரி எழுதுகிறார்கள், அதிலும் இதே சங்கதிதான். யார் யாரை அறிமுகப்படுத்தினார் என்ற பட்டியலோடு ஆளை முடித்துவிடுகிறோம். அவர் என்ன மாதிரிப் படம் எடுத்தார், அதற்காக யாரிடம் எல்லாம் வாங்கிக் கட்டிக்கொண்டார் என்பது யாருக்கும் தெரிவதில்லை. கடிதம் கொஞ்சம் நீளமாகப் போகும். வெட்டித்தான் ஆக வேண்டும் என்றால் நடுவில் கை வைக்காமல் கடைசியில் வெட்டுங்கள்.

சுப்ரமணியம் எங்கள் பக்கத்து ஆள். 1904-ல் பாபநாசத்தில் பிறந்தவர். நான் சொல்வது தஞ்சாவூர் ஜில்லா பாபநாசம், அருவி இருக்கிற திருநெல்வேலி பாபநாசம் இல்லை. வக்கீலுக்குப் படித்து கும்பகோணத்தில் தொழில் பார்த்தார். அந்தக் காலத்தில் இந்த ஊரில் ஒரு பிராமண வக்கீல் கோர்ட்டை விட்டுவிட்டு சினிமாவுக்குப் போவது என்றால் வீட்டில் என்ன நடந்திருக்கும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. மௌனப்படக் காலத்திலேயே நடிகரும் டைரக்டருமான ராஜா சாண்டோவோடு சேர்ந்து கதை எழுதப் போய்விட்டார். பிறகு 1934-ல் 'பவளக்கொடி'. அதுதான் அவர் இயக்கிய முதல் படம், பாகவதருக்கும் எஸ்.டி. சுப்புலட்சுமிக்கும் அதுவே முதல் படம். மேடையில் ஓடிக்கொண்டிருந்த நாடகத்தை அப்படியே பிலிமில் பிடித்த மாதிரி, பாட்டுக்கு மேல் பாட்டாக ஓடும் படம்.

அது எடுத்த விதத்தைப் பற்றி ஒரு கதை சொல்வார்கள். அடையாறு பக்கம் திறந்தவெளியில் வெயில் வெளிச்சத்தில்தான் படப்பிடிப்பு. மேலே கூரை கிடையாது, வசனமும் பாட்டும் அங்கேயே அப்போதே ஒலிப்பதிவு. மத்தியானச் சாப்பாடு முடிந்தால் எச்சில் இலையைத் தேடிக் காக்கைக் கூட்டம் வந்துவிடும். பாகவதர் சுருதி சேர்க்கும்போது காக்கைகளும் சேர்ந்துகொண்டால் என்ன செய்வது? அதற்காக ஜோ என்று ஓர் ஆங்கிலோ இந்தியரைக் கையில் துப்பாக்கியோடு நிறுத்தி வைத்திருந்தார்களாம், அவர் வேலையே காக்கை விரட்டுவது. படத்தின் டைட்டிலிலும் அவர் பெயரைப் போட்டார்களாம். இன்றைக்குச் சிரிப்பாக இருக்கிறது. ஆனால் இப்படிப்பட்ட ஏற்பாட்டில் ஆரம்பித்த ஒரு மனிதர் மூன்றே வருஷத்தில் 'பாலயோகினி'க்கு வந்து சேர்ந்தார் என்பதுதான் எனக்குத் தீராத ஆச்சரியம்.

1937-ல் தமிழ் சினிமா என்றால் புராணம். வள்ளி திருமணம், அல்லி அர்ஜுனா, ராமாயணம், பாரதம். ரசிகர்களுக்கு ஏற்கெனவே தெரிந்த கதை, தெரிந்த பாட்டு, போட்ட காசுக்கும் பயம் இல்லை. சுப்ரமணியமும் முந்தின வருஷம் 'பக்த குசேலா' எடுத்தவர்தான். (அதில் கிருஷ்ணனாகவும் குசேலரின் மனைவியாகவும் இரண்டு வேடத்தில் நடித்தவர் எஸ்.டி. சுப்புலட்சுமி, குசேலர் பாபநாசம் சிவன். இதைக்கூட உங்கள் கட்டுரையில் போட்டிருக்கலாம்.) அந்த ஓட்டத்திலேயே இன்னும் பத்துப் படம் எடுத்துக் காசு பார்த்திருக்கலாம். எடுத்ததோ, பெரிய உத்தியோகத்தில் இருக்கும் உறவுக்காரர் வீட்டில் போக்கிடம் கிடைக்காத ஒரு பிராமணப் பெண், தாழ்த்தப்பட்ட சாதியைச் சேர்ந்த வேலைக்காரன் முனுசாமியின் குடிசையில் அடைக்கலம் புகும் கதையை. முனுசாமி செத்துப்போன பிறகு அவன் பிள்ளைகளைத் தன் பிள்ளைகளாக அவள் வளர்க்கிறாள். ஊர் பொறுக்குமா? குடிசையைக் கொளுத்துகிறார்கள். பெரியவர்கள் யாருக்கும் வாய் வராத இடத்தில் ஒரு சின்னக் குழந்தை நின்றுகொண்டு கேள்வி கேட்கிறது. அந்தக் குழந்தைதான் பேபி சரோஜா, சுப்ரமணியத்தின் அண்ணன் தம்பி வழியில் வந்த பெண். அந்தப் படம் வந்த பிறகு எத்தனையோ வீடுகளில் பிறந்த பெண் குழந்தைக்கு சரோஜா என்று பெயர் வைத்தார்கள். எங்கள் தெருவிலேயே அந்த வயசில் மூன்று சரோஜாக்கள் இருந்தார்கள் என்று அம்மா சொல்லக் கேட்டிருக்கிறேன்.

கதையைவிட எனக்குப் பெரிதாகப் படுவது அவர் நடிகர்களைத் தேர்ந்தெடுத்த விதம். படத்தில் விதவை வேஷம் ஒன்று வருகிறது. அதற்கு ஒரு நாடக நடிகைக்கு வெள்ளைப் புடவை கட்டிவிட்டால் வேலை முடிந்தது. அவர் நிஜமாகவே கணவனை இழந்த ஒரு பிராமணப் பெண்ணைக் கூட்டிவந்து நடிக்க வைத்தார். அந்தக் காலத்து அக்ரகாரத்தை நினைத்துப் பாருங்கள். தலையை மழித்து, பின்கட்டில் உட்கார வைத்து, கல்யாணம் காட்சி என்றால் கண்ணில் படக்கூடாது என்று சொன்ன காலம் அது. அப்படிப்பட்ட ஒரு பெண் ஆயிரக்கணக்கானவர்கள் பார்க்கும் திரையில் முகத்தைக் காட்டுவது என்றால்! தஞ்சாவூர்ப் பக்கத்துப் பிராமணர்கள் கூட்டம் போட்டு சுப்ரமணியத்தைச் சாதியை விட்டு ஒதுக்கி வைத்தார்கள். மனுஷர் அசையவில்லை. வாய் வார்த்தையாகச் சீர்திருத்தம் பேசினவர்கள் அன்றைக்கு நிறையப் பேர் உண்டு, சொந்த ஊரில், சொந்தச் சாதிக்காரர்கள் மத்தியில், சொந்தக் காசைப் போட்டு அதைச் செய்து காட்டியவர்கள் குறைவு.

அடுத்த வருஷம் 'சேவாசதனம்'. பிரேம்சந்தின் நாவல்தான் மூலக்கதை. எம்.எஸ். நடித்த முதல் படம் என்றுதான் எல்லோரும் இதை எழுதுகிறார்கள், நீங்களும் அப்படித்தான். அவர் பாடினார், கூட்டம் வந்தது, எல்லாம் சரி. ஆனால் கதை என்ன? சின்னப் பெண்ணை வயதானவருக்குக் கட்டி வைக்கிறார்கள், சந்தேகப்பட்டு அவன் வீட்டை விட்டுத் துரத்துகிறான், அவள் தாசித் தெருவுக்குப் போய்ச் சேர்கிறாள், பிறகு அப்படிப்பட்ட பெண்களின் குழந்தைகளுக்காக ஒரு இல்லம் நடத்துகிறாள். கணவனாக நடித்தவர் திருச்சி எஃப்.ஜி. நடேச ஐயர், ரயில்வே அதிகாரி, பெரிய நாடகக்காரர், அப்போதே அறுபதை நெருங்கியவர். எம்.எஸ்ஸுக்கு இருபது சொச்சம். வசனமே வேண்டாம், இரண்டு பேரையும் ஒரு ஃபிரேமில் நிறுத்தினாலே விஷயம் புரிந்துவிடும். தேவதாசி ஒழிப்பைப் பற்றி சட்டசபையிலும் பத்திரிகையிலும் காரசாரமாகப் பேசிக்கொண்டிருந்த காலம் அது, சட்டம் வந்ததோ 1947-ல். இதையெல்லாம் விட்டுவிட்டு 'எம்.எஸ்ஸின் முதல் படம்' என்று மட்டும் எழுதினால், ஏதோ கச்சேரிக்கு மேடை போட்டுக் கொடுத்தவர் போல ஆகிவிடுகிறார் டைரக்டர்.

சரி, 'தியாகபூமி'க்கு வருகிறேன். 1939 மே மாதம் வந்தது. கல்கி கதை எழுதினார், அது ஆனந்த விகடனில் தொடராக வந்துகொண்டிருந்தபோதே படமும் எடுக்கப்பட்டது, தொடருக்குச் சித்திரங்கள் போடாமல் படத்தின் ஸ்டில்களையே போட்டார்கள். இன்றைக்கு விளம்பரத்துக்கு என்னென்னவோ செய்கிறார்கள், வாராவாரம் வீட்டுக்கு வீடு கதாநாயகி சாவித்திரியின் முகத்தையும் அவள் குழந்தை சாருவின் முகத்தையும் கொண்டுபோய்ச் சேர்த்த அந்த யோசனைக்கு முன்னால் எதுவும் நிற்காது.

நெடுங்கரை சம்பு சாஸ்திரி, புயல் மழையில் தவித்த சேரி ஜனங்களுக்கு இடம் கொடுத்ததற்காக ஊரால் ஒதுக்கப்படுகிறார். அவர் மகள் சாவித்திரி கல்கத்தாவில் புருஷனிடமும் மாமியாரிடமும் படாத பாடு பட்டு, கர்ப்பிணியாகத் திரும்பி வந்து, பிறந்த குழந்தையைத் தூங்கும் அப்பாவின் பக்கத்தில் விட்டுவிட்டுப் போகிறாள். பல வருஷம் கழித்து உமா ராணி என்ற பெயரில் பெரும் பணக்காரியாகத் திரும்பி வருகிறாள். அப்போது வருகிறான் புருஷன். என்னோடு வந்து குடித்தனம் நடத்து என்று கோர்ட்டுக்குப் போகிறான்.

அந்தக் கோர்ட் சீனை ஒரு திரைப்படச் சங்கக் காட்சியில் நான் பார்த்தேன். பிரதி மோசம், குறுக்கே மழை பெய்கிற மாதிரி கோடு கோடாக ஓடியது, பாதி வசனம் இரைச்சலில் போய்விட்டது. அப்படியும் எஸ்.டி. சுப்புலட்சுமி கூண்டில் நின்று, வேண்டுமானால் இவருக்கு நான் ஜீவனாம்சம் கொடுக்கத் தயார் என்று சொல்லும் இடத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த காலேஜ் பெண்கள் கை தட்டினார்கள். குரலை உயர்த்தாமல், கண்ணீர் விடாமல், சாதாரணமாகச் சொல்கிறார். 1939-ல் ஒரு இந்துப் பெண்ணுக்கு விவாகரத்து கேட்கச் சட்டத்தில் வழியே கிடையாது, இந்துத் திருமணச் சட்டம் வர இன்னும் 16 வருஷம் இருந்தது. புருஷன் அடித்துத் துரத்தியிருந்தாலும், அவன் கூப்பிட்டால் வர வேண்டும் என்று வழக்குப் போடச் சட்டம் இடம் கொடுத்தது. கதை கல்கியுடையது, மறுக்கவில்லை. ஆனால் கும்பகோணம் கோர்ட்டில் கறுப்புக் கோட்டுப் போட்டு நின்ற ஒருவர் எடுத்த சீன் அது என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். அந்த வழக்கு எப்படி நடக்கும், வக்கீல் எங்கே குத்துவார், அந்தப் பெண் எங்கே திணறுவாள் என்பது அவருக்குப் பாடம் மாதிரித் தெரிந்திருக்கும்.

ஒரு குறையும் சொல்லிவிடுகிறேன். கேள்வியை அவ்வளவு தைரியமாக எழுப்பிவிட்டு, முடிவில் சாவித்திரியையும் திருந்தி வந்த புருஷனையும் தேச சேவைக்கு அனுப்பிச் சமாளித்துவிட்டார்கள். சிறைக்குப் போகிற வழியில் குடும்பச் சண்டை காணாமல் போய்விடுகிறது. அவளுக்கு அவனோடு வாழ இஷ்டமா இல்லையா என்ற விஷயத்துக்குப் படம் நேராகப் பதில் சொல்லவில்லை. சாஸ்திரியின் நல்ல மனசுக்குக் கொடுத்த இடத்தில் பாதியாவது சேரி ஜனங்களின் பேச்சுக்குக் கொடுத்திருக்கலாம் என்றும் எனக்குத் தோன்றும். இதையெல்லாம் பேசலாம், பேசத்தான் வேண்டும். படத்தைப் பார்த்தால்தானே பேசுவதற்கு!

அப்புறம் தடை. இந்தப் படம் வந்தபோது ராஜாஜியின் காங்கிரஸ் மந்திரிசபை இருந்தது, அதனால் கதர், ராட்டை, தேசபக்திப் பாட்டு (டி.கே. பட்டம்மாளின் 'தேச சேவை செய்ய வாரீர்' ஞாபகம் இருக்கும்) எல்லாம் சென்சாரில் தப்பின. படம் வந்து இரண்டு மாதம்கூட ஆகவில்லை, ஜூலை 8-ஆம் தேதி மதுரையில் வைத்தியநாத ஐயர் ஹரிஜனங்களை அழைத்துக்கொண்டு மீனாட்சி அம்மன் கோயிலுக்குள் போனார். திரையிலும் தெருவிலும் ஒரே விஷயம் நடந்துகொண்டிருந்த நேரம். அக்டோபரில் மந்திரிசபை ராஜினாமா செய்தது, கவர்னர் ஆட்சி வந்தது, படத்துக்கும் தடை வந்தது. தடை வரப்போகிறது என்று தெரிந்ததும் சுப்ரமணியம் என்ன செய்தார் தெரியுமா? சென்னை கெயிட்டி தியேட்டரில் டிக்கெட் இல்லாமல் இலவசமாக, ஒரு காட்சி முடிந்தால் அடுத்த காட்சி என்று ஓட்டினார். ஜனம் அலைமோதியது. கடைசியில் போலீஸ் தியேட்டருக்குள்ளேயே தடியடி நடத்தியது. ரகுபதி வெங்கையா கட்டிய அந்த கெயிட்டியும் இன்றைக்கு இல்லை.

படம் எடுக்கப்பட்ட இடத்தையாவது சொல்லுகிறோமா? சென்னையில் அண்ணா மேம்பாலத்தை இன்னும் ஜெமினி என்றுதான் பஸ் கண்டக்டர் கூவுகிறார். ஜெமினி ஸ்டூடியோ வருவதற்கு முன் அந்த மனையில் இருந்தது சுப்ரமணியம் முன்னின்று நடத்திய மோஷன் பிக்சர் புரொடியூசர்ஸ் கம்பைன் ஸ்டூடியோ. அது தீப்பிடித்து, கடனில் சிக்கி, 1941-ல் ஏலத்துக்கு வந்தபோது எஸ்.எஸ். வாசன் 86,000 ரூபாய் சொச்சத்துக்கு எடுத்தார். மிச்சக் கதை எல்லோருக்கும் தெரியும், வாசனின் கதையாகவே தெரியும். வாசனிடம் எனக்கு எந்த வருத்தமும் இல்லை, அவர் செய்தது பெரிய காரியம். ஆனால் அந்த மண்ணின் முதல் அத்தியாயத்தை ஒருவரும் திறப்பதே இல்லை.

தீயில் போனது ஸ்டூடியோ மட்டும்தான், ஆள் ஓயவில்லை. 1941-லேயே 'கச்ச தேவயானி' எடுத்தார், டி.ஆர். ராஜகுமாரிக்குப் பெயர் வாங்கிக் கொடுத்த படம். மூன்று தீபாவளி பார்த்த 'ஹரிதாஸ்' படத்தின் ஜோடி, பாகவதரும் ராஜகுமாரியும், இரண்டு பேருமே இவர் படத்தில் பெயர் எடுத்தவர்கள் என்பதைக் கவனித்தீர்களா? (பார்த்தீர்களா, நானும் பட்டியலில் போய் விழுந்துவிட்டேன்.) மலையாளத்தில் பேசும்படம் தவழ ஆரம்பித்த நாளில் 'பிரஹலாதா' எடுத்துக் கொடுத்தவரும் இவர்தான். பிறகு வந்த படங்கள் அந்த அளவுக்குப் பேசப்படவில்லை, காலமும் மாறிவிட்டது, அடுக்குமொழி வசனத்துக்குக் கை தட்டும் காலம் வந்துவிட்டது.

ஆனால் தொழிலுக்கு ஒரு கட்டுக்கோப்பு வேண்டும் என்று அலைந்தவர் அவர். தீரர் சத்தியமூர்த்தியைத் தலைவராக வைத்துத் தென்னிந்திய பிலிம் வர்த்தக சபையைத் தொடங்கியதில் அவர் பங்கு பெரியது, 1952-ல் நடிகர் சங்கம் உருவானபோதும் முன்னால் நின்றவர்களில் ஒருவர். கூத்தாடி என்று ஏளனம் செய்யப்பட்டவர்களுக்கு ஒரு சங்கம், ஒரு கட்டடம், கேட்பதற்கு ஒரு வாய் வேண்டும் என்று நினைத்தவர். இன்றைக்கு அந்தச் சங்கத்துத் தேர்தல் வந்தால் உங்கள் பத்திரிகையில் பக்கம் பக்கமாக வருகிறது. அவர் வீட்டில் இருந்து நாட்டியத்துக்கு பத்மா சுப்ரமணியம் வந்தார். மகன் எஸ். கிருஷ்ணசாமி ஆவணப்படக்காரர் ஆனார், எரிக் பார்னோவுடன் சேர்ந்து 1963-ல் அவர் எழுதிய இந்திய சினிமா வரலாற்றைத்தான் இன்னும் உலகம் முழுக்க எடுத்துப் புரட்டுகிறார்கள்.

இப்போது சொல்ல வந்த விஷயம். 'சேவாசதனம்' இன்று எங்கும் இல்லை. பாட்டு சில கிடைக்கும், படம் கிடையாது. அந்தக் காலத்து நைட்ரேட் பிலிம் லேசில் பற்றிக்கொள்ளும், நம் ஊர் உஷ்ணத்தில் பெட்டிக்குள்ளேயே கசிந்து மக்கிவிடும். ஓடி முடிந்த பிரதிகளை அதில் இருக்கும் வெள்ளிக்காக எடைக்குப் போட்டவர்களும் உண்டு. பூனாவில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் ஆரம்பித்ததே 1964-ல்தான், அதற்குள் போனது போய்விட்டது. பி.கே. நாயர் என்ற மனிதர் ஊர் ஊராக அலைந்து சேர்த்ததால் நாடு முழுக்கச் சில படங்களாவது மிஞ்சின. 'தியாகபூமி'யின் பிரதி பூனா காப்பகத்தில் இருக்கிறது. தமிழில் எடுத்து, தமிழ்நாட்டில் தடை செய்யப்பட்டு, தமிழர்கள் அடி வாங்கிப் பார்த்த ஒரு படத்தை, சீர்செய்து தமிழ்நாட்டுத் தியேட்டரில் ஒரு வாரம் போட முடியாதா? எம்.ஜி.ஆர், சிவாஜி படங்களைக் கலரை ஏற்றி, ஒலியைச் சரிசெய்து மறுபடி வெளியிடுகிறார்கள், கூட்டமும் வருகிறது. இதற்கு அவ்வளவு கூட்டம் வராது, தெரியும். சென்னையில் ஒரு தியேட்டர், மதுரையில் ஒன்று, எங்கள் கும்பகோணத்தில் ஒன்று, காலை ஒரு காட்சி மட்டும். அரசும் வர்த்தக சபையும் நடிகர் சங்கமும் பேசினால் ஒரு மாதத்து வேலை.

ஜெமினி மேம்பாலத்துக்குக் கீழே இவ்வளவு இடம் கிடக்கிறதே, இங்கே இன்ன வருஷம் இன்ன ஸ்டூடியோ இருந்தது, இன்னார் நடத்தினார், 'தியாகபூமி' இங்கே எடுக்கப்பட்டது என்று ஒரு கல் நட்டால் குறைந்தா போய்விடும். பாபநாசத்திலும் ஒன்று வைக்கலாம், ரயிலடிக்குப் பக்கத்தில் வைத்தால் நாலு பேர் பார்ப்பார்கள்.

உங்களிடம் கேட்பது வேறு. ஞாயிறு இணைப்பில் இதைத் தொடராகக் கொண்டுபோகப் போவதாகப் போட்டிருந்தீர்கள். சுப்ரமணியத்துக்கு ஒரு வாரம் முழுசாகக் கொடுங்கள். எஸ்.டி. சுப்புலட்சுமிக்குத் தனியாக இன்னொரு வாரம். எம்.எஸ். சுப்புலட்சுமி என்று நினைத்துக்கொண்டு அவர் படத்துக்குக் கீழே பெயர் மாற்றிப் போடுவது பல இடங்களில் நடக்கிறது, உங்கள் பக்கத்தில் வந்திருந்த 'தியாகபூமி' ஸ்டில்லுக்குக் கீழேயும் அப்படித்தான் இருக்கிறது. அதில் நிற்பவர் எஸ்.டி. அடுத்த ஞாயிறு ஒரு திருத்தம் போட்டுவிடுங்கள்.

இப்படிக்கு,
கும்பகோணத்தில் இருந்து ஒரு வாசகர்